இழப்பீட்டுத் தீர்ப்பு வந்துவிட்டதா? தொகையோடு நின்றுவிடாதீர்கள், கணக்கைப் படியுங்கள்



காவேரிப்பட்டினத்தை ஒட்டி ஓடும் 44-ஆம் எண் தேசிய நெடுஞ்சாலைதான் நம்மில் பல குடும்பங்களுக்குச் சோறு போடுகிறது. ஓசூர் சிப்காட்டுக்கு ஷிப்டு வேலைக்குப் போகிறவர்கள், பெங்களூரு மார்க்கெட்டுக்கு மாங்காய் லோடு ஏற்றிப் போகிறவர்கள், கிருஷ்ணகிரிக்கும் தருமபுரிக்கும் டூவீலரில் துணி, பாத்திரம் கட்டிக்கொண்டு வியாபாரத்துக்குப் போகிறவர்கள் எல்லோருக்கும் இதே ரோடுதான். இதே ரோட்டில்தான் கை கால் முறிந்து, மாதக்கணக்கில் படுக்கையில் கிடந்து, பிறகு இழப்பீடு கேட்டு கோர்ட்டுக்கு அலைபவர்களும் நம்மிடையே இருக்கிறார்கள்.

கேஸ் போட்டு இரண்டு மூன்று வருடம் கழித்து ஒரு நாள் வக்கீல் போன் செய்கிறார். "தீர்ப்பு வந்துவிட்டது, இவ்வளவு லட்சம் கொடுத்திருக்கிறார்கள்." அந்த ஒற்றைத் தொகையைக் கேட்டதும் வீட்டில் இரண்டு விதமான பேச்சு எழும். "அல்ஹம்துலில்லாஹ், வந்த வரைக்கும் போதும்" என்பார் ஒருவர். "இவ்வளவு பட்டதற்கு இவ்வளவுதானா?" என்பார் இன்னொருவர். இருவருமே தொகையைத்தான் பார்க்கிறார்கள். அந்தத் தொகை எப்படி வந்தது என்று தீர்ப்பைப் பிரித்துப் படித்தவர் பெரும்பாலும் யாரும் இல்லை. அதற்குள் 90 நாள் ஓடிவிடுகிறது.

மேல்முறையீடு செய்யலாமா, வேண்டாமா என்பதற்கு விடை தீர்ப்பின் கணக்குப் பக்கத்தில் இருக்கிறது. அதை எப்படிப் படிப்பது, தவறு இருந்தால் எங்கே போவது, எப்போது போகாமல் இருப்பது நல்லது என்பதை இங்கே எளிமையாகச் சொல்கிறோம்.

பக்கத்து மாநிலத்துக் காய்கறி வியாபாரி

முதலில் ஒரு வழக்கைத் தெரிந்துகொள்வோம். கர்நாடகத்தில் 2008 பிப்ரவரியில் நடந்த ஒரு சாலை விபத்தில், 24 வயது காய்கறி வியாபாரி ஒருவர் வலது காலை இழந்தார். மாதம் 10,000 ரூபாய் சம்பாதித்ததாகச் சொன்னார். ஆனால் கையில் சம்பளச் சீட்டு இல்லை, கணக்குப் புத்தகமும் இல்லை. தள்ளுவண்டிக்காரரிடம் அதெல்லாம் எப்படி இருக்கும்? தீர்ப்பாயமும் உயர் நீதிமன்றமும் வருமானத்துக்கு ஆதாரம் கேட்டன. அவர் அதோடு நிற்காமல் உச்ச நீதிமன்றம் வரை போனார்.

2014 ஜனவரி 16 அன்று தீர்ப்பு வந்தது. சையத் சாதிக் எதிர் யுனைடெட் இந்தியா இன்சூரன்ஸ் வழக்கு என்று வக்கீல்கள் இதைக் குறிப்பிடுவார்கள். இப்படிப்பட்ட தொழில் செய்பவரிடம் வருமான ஆதாரம் கேட்க வேண்டிய அவசியமே இல்லை என்றது உச்ச நீதிமன்றம். விலைவாசியைப் பார்த்தால் ஒரு காய்கறி வியாபாரி மாதம் 6,500 ரூபாய் சம்பாதித்திருக்க முடியும் என்று ஏற்றுக்கொண்டது.

இன்னொன்றையும் அந்தத் தீர்ப்பு கவனித்தது. காய்கறி வியாபாரம் என்பது ஓரிடத்தில் உட்கார்ந்து விற்பது மட்டும் இல்லை. மொத்தச் சந்தைக்குப் போய்ச் சரக்கு எடுக்க வேண்டும், வண்டி தள்ள வேண்டும். ஓரிடத்தில் உட்கார்ந்தே விற்றாலும், சரக்கைக் கொண்டுவர ஒரு கால் இல்லாதவருக்கு இன்னொருவர் துணை தேவை. ஆகவே அவர் சம்பாதிக்கும் திறனில் 85 சதவீதத்தை இழந்துவிட்டார் என்று முடிவு செய்தது. எதிர்காலத்தில் வருமானம் உயர்ந்திருக்கும் என்பதற்காக 50 சதவீதமும் சேர்த்துக் கணக்கிட்டது.

காயம் அதேதான், ஆள் அதே ஆள்தான். மாறியது கணக்கில் வைத்த மூன்று எண்கள்: மாத வருமானம், இழந்த திறனின் சதவீதம், எதிர்கால உயர்வு. மேல்முறையீடு என்பது பெரும்பாலும் இந்த எண்களைத் திருத்துவதுதான்.

தீர்ப்பில் எதைப் பார்க்க வேண்டும்?

தீர்ப்பின் கடைசிப் பக்கங்களில் ஒரு பட்டியல் இருக்கும். காய வழக்கில் என்னென்ன தலைப்புகளில் இழப்பீடு தரலாம் என்பதை ராஜ்குமார் எதிர் அஜய்குமார் வழக்கில் 2010 அக்டோபர் 18 அன்று உச்ச நீதிமன்றம் வகுத்துச் சொல்லியிருக்கிறது. உங்கள் தீர்ப்பை அதோடு ஒப்பிட்டுப் பாருங்கள்.

1. மருத்துவச் செலவு, மருந்து, போக்குவரத்து, சத்துணவுச் செலவு.
2. சிகிச்சையில் இருந்த மாதங்களில் இழந்த வருமானம்.
3. நிரந்தர ஊனத்தால் இனிமேல் இழக்கப்போகும் வருமானம்.
4. எதிர்காலத்தில் தேவைப்படும் சிகிச்சைச் செலவு (பிளேட் எடுப்பது, மறு ஆபரேஷன், செயற்கைக் கால் மாற்றுவது போன்றவை).
5. வலி, வேதனைக்கான தொகை.
6. வாழ்க்கையின் இயல்பான சுகங்களை இழந்ததற்கான தொகை.
7. ஆயுள் குறைந்திருந்தால் அதற்கான தொகை.

சிறு காயத்துக்கு எல்லாத் தலைப்பும் பொருந்தாது. ஆனால் நிரந்தர ஊனம் இருந்தும் மூன்றாவது தலைப்பு காலியாக இருந்தாலோ, இன்னொரு ஆபரேஷன் தேவை என்று டாக்டர் சாட்சி சொல்லியும் நான்காவது தலைப்பில் ஒன்றுமே இல்லாவிட்டாலோ, அது வக்கீலிடம் கேட்க வேண்டிய கேள்வி.

படுத்த படுக்கையாகிவிட்டவர்களுக்கு, பார்த்துக்கொள்ளும் ஆளுக்கான செலவும் கேட்கலாம். நம் வீடுகளில் அம்மாவோ மனைவியோ பார்த்துக்கொள்வதால் அதை யாரும் செலவாகவே நினைப்பதில்லை. 2007-இல் ஹரியானாவில் விபத்தில் சிக்கிய 12 வயதுச் சிறுமிக்குத் தீர்ப்பாயம் 11,08,501 ரூபாய் கொடுத்தது. உயர் நீதிமன்றம் அதை 25,78,501 ஆக்கியது. 2020 பிப்ரவரியில் உச்ச நீதிமன்றம் 62,27,000 ரூபாயாக உயர்த்தியது. இதில் பார்த்துக்கொள்ளும் ஆட்களுக்கு மாதம் 10,000 ரூபாய் என்று 18 வருடக் கணக்கில் 21,60,000 ரூபாய் அடக்கம். இது காஜல் வழக்கு என்று அறியப்படுகிறது.

பெரிய வித்தியாசம் எங்கே வருகிறது?

நம் தமிழ்நாட்டுத் தீர்ப்பாயங்களில் நிரந்தர ஊனத்துக்கு இரண்டு விதமாகக் கணக்குப் போடுகிறார்கள். ஒன்று, ஊனச் சதவீதத்தை ஒரு தொகையால் பெருக்குவது. இன்னொன்று, இழந்த வருமானத்தை வயதுக்கேற்ற எண்ணால் பெருக்குவது. இதை மல்டிப்ளையர் முறை என்பார்கள். இரண்டுக்கும் உள்ள தூரத்தைக் காட்ட ஒரு கற்பனை உதாரணம் சொல்கிறோம்.

வயது 34. மண்டியில் மூட்டை தூக்கும் தொழிலாளி. முழங்கால் நொறுங்கி, இனி பாரம் தூக்க முடியாது. மருத்துவக் குழு கொடுத்த ஊனச் சான்று 30 சதவீதம்.

முதல் முறையில், ஒரு சதவீதத்துக்கு 5,000 ரூபாய் என்று வைத்தால் 30 × 5,000 = 1,50,000 ரூபாய். அவ்வளவுதான்.

இரண்டாம் முறையில், மாத வருமானம் 15,000 என்று வைப்போம். எதிர்கால உயர்வுக்கு 40 சதவீதம் சேர்த்தால் 21,000. அதில் 30 சதவீத இழப்பு மாதம் 6,300. வருடத்துக்கு 75,600. 34 வயதுக்குரிய எண் 16. பெருக்கினால் 12,09,600 ரூபாய். இழப்பு 20 சதவீதம்தான் என்று கோர்ட் எடுத்தால்கூட 8,06,400 ரூபாய் வரும்.

வயதுக்குரிய எண்ணை 2009-இல் சரளா வர்மா வழக்கில் உச்ச நீதிமன்றம் அட்டவணையாகவே கொடுத்துவிட்டது. 15 முதல் 25 வயது வரை 18, 26–30க்கு 17, 31–35க்கு 16, 36–40க்கு 15, 41–45க்கு 14, 46–50க்கு 13, 51–55க்கு 11, 56–60க்கு 9, 61–65க்கு 7, அதற்கு மேல் 5. உங்கள் தீர்ப்பில் விபத்து நடந்த அன்றைய வயதுக்குச் சரியான எண் போட்டிருக்கிறார்களா என்று ஆதாரையோ பள்ளிச் சான்றையோ வைத்து நீங்களே சரிபார்க்கலாம்.

எதிர்கால உயர்வு 2017 அக்டோபர் 31-இல் வந்த பிரணய் சேத்தி தீர்ப்பின்படி முடிவாகிறது. சொந்தத் தொழில் செய்பவர், நிலையான சம்பளக்காரர் என்று இருந்தால், 40 வயதுக்குக் கீழே 40 சதவீதம், 40–50க்கு 25, 50–60க்கு 10. நிரந்தர வேலையில் இருப்பவருக்கு இவை முறையே 50, 30, 15. அது மரண வழக்கில் வந்த தீர்ப்பு. "காய வழக்குக்கு இது பொருந்தாது" என்று இன்றும் வாதாடுவார்கள். இரு கைகளும் செயலிழந்த ஒரு தச்சரின் வழக்கில் 2018-இலும், வலது கையை இழந்த ஒரு டேட்டா என்ட்ரி ஊழியரின் வழக்கில் 2020-இலும், காய வழக்குக்கும் இது பொருந்தும் என்று உச்ச நீதிமன்றம் தெளிவாக்கிவிட்டது.

ஆனால் எல்லாருக்கும் மல்டிப்ளையர் முறை கிடைக்காது. ஒரு விரல் மடங்காமல் போன ஆசிரியருக்கு வருமான இழப்பு எதுவும் இல்லாமல் இருக்கலாம். அவருக்கு முதல் முறையே போதும் என்று கோர்ட் சொல்லும். ராஜ்குமார் வழக்கிலேயே இந்த வேறுபாடு இருக்கிறது. அவர் ரோட்டோர வியாபாரி, வயது சுமார் 25. இடது காலுக்கு 45 சதவீத ஊனம் என்று சான்று இருந்தது. உச்ச நீதிமன்றம் அவருடைய சம்பாதிக்கும் திறனில் இழப்பு 20 சதவீதம் என்றே எடுத்தது.

இதில் நமக்கு இரண்டு பாடம் இருக்கிறது. சான்றில் 45 இருப்பதால் 45 கிடைத்தே ஆக வேண்டும் என்று நினைக்கக் கூடாது. அதேபோல, சான்றில் குறைவாக இருக்கிறது என்று மனம் தளரவும் வேண்டாம். உங்கள் தொழிலுக்கு அந்த உறுப்பு எவ்வளவு தேவை என்பதுதான் கேள்வி. கால் போன டிரைவரும் கால் போன கணக்கரும் ஒன்றல்ல.

காய வழக்கில் இன்னொரு தவறையும் கவனியுங்கள். மரண வழக்கில், இறந்தவரின் சொந்தச் செலவுக்காக மூன்றில் ஒரு பங்கு என்பதுபோல் கழிப்பார்கள். காயம்பட்டவர் உயிரோடு இருக்கிறார், சாப்பிடுகிறார். அவருக்கு அந்தக் கழிவு கிடையாது. கழித்திருந்தால் அது தவறு.

சம்பளச் சீட்டு இல்லாதவர்கள்

கூலி வேலை, மெக்கானிக், பிரியாணி மாஸ்டர், தையல், பழைய இரும்பு வியாபாரம் என்று நம் மக்களில் பெரும்பாலோர் சீட்டு இல்லாத தொழிலில்தான் இருக்கிறார்கள். காய்கறி வியாபாரி வழக்கைப் போல இன்னொன்றும் உண்டு. ராமச்சந்திரப்பா எதிர் ராயல் சுந்தரம் வழக்கு, 2011 ஆகஸ்ட். இதுவும் கர்நாடகத்திலிருந்து போனதுதான். கூலித் தொழிலாளி ஒருவர் 2004-இல் மாதம் 4,500 ரூபாய் சம்பாதித்ததாகச் சொன்னார். தீர்ப்பாயம் 3,000 என்று குறைத்தது, உயர் நீதிமன்றமும் அதையே ஏற்றது. நாள் கூலி நிலவரத்தைப் பார்த்தால் 4,500 என்பது நியாயமான தொகைதான் என்று உச்ச நீதிமன்றம் அதை அப்படியே ஏற்றுக்கொண்டது.

அதற்காக, வாயால் சொன்னால் எதையும் ஏற்பார்கள் என்று இல்லை. கேட்கும் தொகை அந்த வருடத்தின் கூலி நிலவரத்துக்குப் பொருந்த வேண்டும். ஜி.பே., போன்பே வரவு, மண்டிச் சீட்டு, வாகனக் கடன் தவணை கட்டிய பாஸ்புக், உடன் வேலை செய்தவரின் சாட்சி எதுவானாலும் விசாரணையின்போதே தாக்கலாகியிருந்தால் மேல்முறையீட்டில் பலம்.

உங்கள் மீது தவறு என்று கழித்திருந்தால்

மொத்தத் தொகையைச் சரியாகக் கணக்கிட்டுவிட்டு, "இவர் மீதும் கவனக்குறைவு உண்டு" என்று 10 சதவீதமோ 25 சதவீதமோ கழித்திருப்பார்கள். இது தீர்ப்பின் நடுப்பகுதியில் இருக்கும். லைசென்ஸ் இல்லை, மூன்று பேர் போனார்கள் என்ற காரணங்கள் அடிக்கடி வரும்.

சட்டத்தை மீறியது வேறு, விபத்துக்குக் காரணமானது வேறு. ஒரு பைக்கில் மூன்று பேர் போன வழக்கில் 2020 ஜனவரி 8 அன்று உச்ச நீதிமன்றம் இதைச் சொன்னது. மூன்று பேர் போனதால்தான் விபத்து நடந்தது அல்லது காயம் கூடியது என்று நிரூபிக்காமல், மூவர் என்ற ஒரே காரணத்துக்காகக் கழிக்கக் கூடாது. முகமது சித்திக் எதிர் நேஷனல் இன்சூரன்ஸ் என்பது அந்த வழக்கு. உங்கள் தீர்ப்பில் கழித்ததற்கு என்ன காரணம் எழுதியிருக்கிறது என்று பாருங்கள். இதைச் சொல்வது மூன்று பேர் போகலாம் என்பதற்காக அல்ல. பிள்ளைகள் கையில் சாவியைக் கொடுக்கும் முன் யோசியுங்கள்.

எங்கே, எத்தனை நாளுக்குள்?

மோட்டார் வாகனச் சட்டம் 1988, பிரிவு 173. தீர்ப்புத் தேதியிலிருந்து 90 நாளுக்குள் உயர் நீதிமன்றத்தில் மேல்முறையீடு செய்ய வேண்டும். வக்கீல்கள் இதை சி.எம்.ஏ. என்பார்கள். சான்றிட்ட நகல் வாங்க கோர்ட் எடுத்துக்கொண்ட நாட்கள் இந்தக் கணக்கில் சேராது. ஆனால் நகலுக்கு நீங்கள் மனுப் போடாமல் இருந்த நாட்கள் சேரும். ஆகவே தீர்ப்பு வந்த வாரமே நகல் மனு போட்டுவிடச் சொல்லுங்கள்.

90 நாள் தாண்டிவிட்டால் கதவு அடியோடு மூடிவிடுவதில்லை. தக்க காரணம் காட்டித் தாமதத்தை மன்னிக்கக் கோரலாம். படுக்கையில் இருந்தது, தீர்ப்பு வந்ததே தெரியாமல் போனது போன்ற காரணங்களை ஆதாரத்தோடு சொல்ல வேண்டும். மன்னித்தாலும், தாமதமான காலத்துக்கு வட்டி கிடையாது என்று கோர்ட் பெரும்பாலும் சொல்லிவிடும்.

எந்த உயர் நீதிமன்றம் என்பதில் எல்லையோரத்தில் இருக்கும் நமக்குக் குழப்பம் வரும். விபத்து அத்திப்பள்ளி தாண்டி கர்நாடகத்தில் நடந்திருந்தாலும், நீங்கள் வசிக்கும் இடத்துத் தீர்ப்பாயத்தில் வழக்குப் போடச் சட்டம் இடம் தருகிறது. ஆகவே சிலர் கிருஷ்ணகிரியிலோ ஓசூரிலோ போட்டிருப்பார்கள், சிலர் பெங்களூருவில் போட்டிருப்பார்கள். விபத்து எங்கே நடந்தது என்பதை வைத்து மேல்முறையீட்டு கோர்ட் முடிவாவதில்லை. தீர்ப்பு எங்கே வந்தது என்பதுதான் கணக்கு. கிருஷ்ணகிரி, ஓசூர் தீர்ப்பு என்றால் சென்னை உயர் நீதிமன்றம். கிருஷ்ணகிரி மாவட்டம் மதுரைக் கிளையின் கீழ் வராது. பெங்களூரு தீர்ப்பு என்றால் கர்நாடக உயர் நீதிமன்றம்.

உங்கள் வழக்கின் சி.என்.ஆர். எண்ணை வக்கீலிடம் வாங்கி வைத்துக்கொள்ளுங்கள். 16 எழுத்துகளும் எண்களும் கொண்டது அது. இ-கோர்ட்ஸ் செயலியில் அதைப் போட்டால் வழக்கின் நிலையும் தீர்ப்புத் தேதியும் போனிலேயே தெரியும்.

எப்போது வேண்டாம்?

லோக் அதாலத்தில் சமரசமாக முடிந்த வழக்குக்கு மேல்முறையீடு இல்லை. அங்கே கையெழுத்துப் போட்டால் அதுவே இறுதி. லோக் அதாலத் நல்ல ஏற்பாடு, பணம் சீக்கிரம் கிடைக்கும். ஆனால் கையெழுத்துப் போடும் முன்பே மேலே சொன்ன கணக்கைப் போட்டுப் பார்த்துவிடுங்கள். பிறகு வருந்திப் பயனில்லை.

அடுத்தது, பிணக்கில் உள்ள தொகை ஒரு லட்சம் ரூபாய்க்குக் குறைவாக இருந்தால் மேல்முறையீடு கிடையாது. முன்பு இந்த வரம்பு 10,000 ரூபாயாக இருந்தது. 2019 சட்டத் திருத்தம் அதை உயர்த்திவிட்டது.

மூன்றாவது, தீர்ப்பாயத்தில் தாக்கல் செய்யாததை மேலே போய்ச் சேர்ப்பது கடினம். உயர் நீதிமன்றம் கீழே இருக்கும் ஆவணத்தையும் சாட்சியையும் வைத்துத்தான் பார்க்கும். புதிய ஆவணத்தை ஏற்க விதி உண்டு, ஆனால் ஏன் முன்பே தரவில்லை என்பதற்கு வலுவான காரணம் வேண்டும். டாக்டரையே விசாரிக்கவில்லை, பில் எதுவும் போடவில்லை என்றால் மேல்முறையீட்டில் பிடிமானம் குறைவு. இப்போது வழக்கு நடந்துகொண்டிருப்பவர்கள் இதைக் கவனியுங்கள். பெங்களூரு ஆஸ்பத்திரியில் சிகிச்சை பெற்றவர்கள் டிஸ்சார்ஜ் சம்மரி, பில், எக்ஸ்ரே எல்லாவற்றையும் ஒரு பையில் வைத்திருங்கள். கன்னடத்தில் இருக்கும் எஃப்.ஐ.ஆரை மொழிபெயர்த்துத் தாக்கல் செய்யச் சொல்லுங்கள்.

இன்சூரன்ஸ் கம்பெனி மேலே போனால்

உங்களுக்குத் தீர்ப்பு திருப்திதான். ஆனால் தொகை அதிகம் என்று கம்பெனி உயர் நீதிமன்றம் போகிறது. பயப்பட வேண்டாம். 25,000 ரூபாய் அல்லது தீர்ப்புத் தொகையில் பாதி, இரண்டில் எது குறைவோ அதைக் கட்டினால்தான் அவர்களுடைய மேல்முறையீட்டையே எடுப்பார்கள். தீர்ப்பை நிறுத்திவைக்கக் கேட்டால், பெரும்பாலும் இன்னும் பெரிய பகுதியைக் கட்டச் சொல்லித்தான் கோர்ட் தடை கொடுக்கும். கட்டிய பணத்தில் ஒரு பகுதியை எடுத்துக்கொள்ள நீங்கள் மனுப் போடலாம்.

அந்த நோட்டீஸ் வந்த நாள் முதல் இன்னொரு கெடு ஓடுகிறது. உங்களுக்கும் தொகை குறைவு என்ற மனக்குறை இருந்தால், நோட்டீஸ் கிடைத்ததிலிருந்து ஒரு மாதத்துக்குள் 'கிராஸ் அப்ஜெக்‌ஷன்' என்ற எதிர் மனு போடலாம். உங்கள் 90 நாள் முடிந்திருந்தாலும் இது கிடைக்கும். உயர் நீதிமன்ற நோட்டீஸ் தபாலில் வந்தால் பீரோவில் வைக்காமல் அன்றே வக்கீலிடம் காட்டுங்கள். வீடு மாறியிருந்தால் புது முகவரியைத் தெரிவியுங்கள்.

இது இரு பக்கமும் வெட்டும். நீங்கள் கூடுதல் கேட்டுப் போனால், தொகை அதிகம் என்று கம்பெனியும் இதே எதிர் மனு போடலாம். ஆகவே கணக்கில் உண்மையான தவறு இருந்தால் போங்கள். போனால் ஏதாவது கிடைக்கும் என்ற நினைப்பில் போகாதீர்கள்.

செலவும் வக்கீலும்

நம் ஊரில் "ஜெயித்தால் இத்தனை பர்சன்ட்" என்று பேசுவது சகஜமாகிவிட்டது. வழக்கின் முடிவைப் பொறுத்து ஃபீஸ் பேசுவதையும், கிடைக்கும் தொகையில் பங்கு கேட்பதையும் பார் கவுன்சில் விதி தடை செய்கிறது. ஃபீஸ் எவ்வளவு என்று முன்பே தெளிவாகப் பேசுங்கள், கொடுத்ததற்கு ரசீது கேளுங்கள். வெற்றுத் தாளில் கையெழுத்துப் போடாதீர்கள். ஆஸ்பத்திரி வாசலில் வந்து நிற்கும் புரோக்கரிடம் ஆதாரையும் பாஸ்புக்கையும் கொடுக்காதீர்கள்.

வசதி இல்லாதவர்களுக்கு இலவசச் சட்ட உதவி உண்டு. பெண்கள், குழந்தைகள், மாற்றுத்திறனாளிகள், ஆலைத் தொழிலாளர்கள் ஆகியோருக்கு 1987-ஆம் ஆண்டுச் சட்டத்தின்படி வருமானம் பாராமல் இது கிடைக்கும். விபத்தில் ஊனமடைந்து சான்று பெற்றவரும் இதில் வருவார். கிருஷ்ணகிரி நீதிமன்ற வளாகத்தில் மாவட்டச் சட்டப்பணிகள் ஆணைக்குழுவை அணுகலாம். சென்னை மேல்முறையீட்டுக்கு உயர் நீதிமன்றச் சட்டப்பணிக் குழு இருக்கிறது. இலவச உதவி எண் 15100.

நம்மிடம் இருக்கும் மூன்று தயக்கங்கள்

"பணத்தை வாங்கிவிட்டோமே, இனி கேட்க முடியுமா?" முடியும். தீர்ப்பாயம் கொடுத்ததை எடுத்துக்கொண்டே கூடுதலுக்கு மேல்முறையீடு செய்யலாம். முழுத் திருப்தி என்று எழுதிக் கொடுத்திருந்தால்தான் சிக்கல்.

"நாம் கேட்டதே அவ்வளவுதான், அதற்கு மேல் எப்படித் தருவார்கள்?" மனுவில் கேட்ட தொகை ஓர் எல்லைக் கோடு இல்லை. ஆதாரம் இருந்தால் கேட்டதற்கு மேலும் நியாயமான இழப்பீடு தரலாம் என்று நாகப்பா வழக்கில் 2002 டிசம்பரிலேயே உச்ச நீதிமன்றம் சொல்லிவிட்டது.

"தீர்ப்பில் வட்டி என்று போட்டிருக்கிறதே?" பிரிவு 171-இன்படி, மனுப் போட்ட நாளிலிருந்து தனி வட்டி தரலாம். இங்கே பெரும்பாலும் 7.5 சதவீதம் போடுகிறார்கள். பணம் வரத் தாமதமானதற்காகச் சட்டம் தருவது இது. அதை எப்படி எடுத்துக்கொள்வது, யாருக்குக் கொடுப்பது என்பதை உங்கள் ஆலிமிடம் கேட்டு முடிவெடுங்கள். ஆனால் விவரம் தெரியாமல் விட்டுவிட வேண்டாம்.

இந்த வாரமே செய்ய வேண்டியவை

1. தீர்ப்புத் தேதியைக் குறித்து, அதிலிருந்து 90-ஆவது நாளைக் காலண்டரில் வட்டமிடுங்கள்.
2. சான்றிட்ட நகலுக்கு மனுப் போட்டாகிவிட்டதா என்று கேளுங்கள்.
3. தீர்ப்பில் ஐந்து எண்களைத் தேடுங்கள்: மாத வருமானம், வயது, பெருக்கிய எண், ஊனச் சதவீதம், கவனக்குறைவுக்குக் கழித்த சதவீதம்.
4. எதிர்கால உயர்வு சேர்த்திருக்கிறதா என்று பாருங்கள்.
5. ஏழு தலைப்புகளில் எது விடுபட்டது என்று எழுதுங்கள்.
6. இந்தத் தாளை எடுத்துக்கொண்டு வக்கீலிடம் போய், "இந்த எண்ணை ஏன் இப்படிப் போட்டார்கள்? மேலே போனால் எது மாறும்?" என்று கேளுங்கள்.

"கொஞ்சம் கூட்டிக் கேட்கலாமா?" என்று கேட்டால் யாரும் "பார்க்கலாம்" என்றுதான் சொல்வார்கள். எண்ணைக் காட்டிக் கேட்டால்தான் நேரான பதில் வரும். படிக்கத் தெரியாத அம்மாக்கள், அக்காக்களின் வீட்டில் தீர்ப்பு வந்திருந்தால், படித்த பிள்ளைகள் அரை மணி நேரம் உட்கார்ந்து அந்தப் பக்கங்களைப் படித்துச் சொல்லுங்கள்.

கூடுதல் கேட்பது பேராசையோ என்று சிலர் கூச்சப்படுகிறார்கள். 34 வயதில் மூட்டை தூக்க முடியாமல் போனவருக்கு இன்னும் 30 வருட உழைப்பு மீதம் இருந்தது. அந்த உழைப்புக்குச் சரியான கணக்கு கேட்பது அவருடைய பிள்ளைகளின் பள்ளிக் கட்டணத்தையும் வீட்டு வாடகையையும் கேட்பதுதான். கணக்கு சரியாக இருந்தால் மன நிறைவோடு வாங்கிக்கொள்ளுங்கள். தவறாக இருந்தால் 90 நாளுக்குள் கேளுங்கள்.

வஸ்ஸலாம்.